டேப்பில் இடம் இல்லை: எதை அழிப்பது, எதை விடுவது?

(பெற்றோர் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



என்னைப் பேச அழைத்தபோது, "பிள்ளைகள் டேப்பில் விளையாடுவதைப் பற்றி நாலு வார்த்தை சொல்லுங்கள், அவர்கள் திருந்தட்டும்" என்றார்கள். பிள்ளைகளைத் திருத்தும் தகுதி எனக்கு இல்லை. என் போனிலேயே ஒரு கேரம் விளையாட்டு இருக்கிறது. நான் பேச வந்தது சின்ன விஷயம். டேப்பில் ஸ்டோரேஜ் நிறைந்துவிட்டது என்று செய்தி வந்தால் நாம் எதை அழிக்கிறோம் என்பதுதான் அது. சின்ன விஷயம் என்று நானும் நினைத்திருந்தேன், ஒரு சகோதரி வரும்வரை.

நம் அறக்கட்டளை அலுவலகத்தில் சனிக்கிழமைகளில் உதவித்தொகை விண்ணப்பங்களை ஆன்லைனில் நிரப்பிக் கொடுக்கிறோம். அப்படி ஒரு சனிக்கிழமை அந்தச் சகோதரி மகனையும் டேப்பையும் கூட்டிக்கொண்டு வந்தார். விண்ணப்பத்துக்காக வரவில்லை. "தம்பி, அழிச்ச போட்டோ திரும்பி வருமா?" என்று கேட்டார்.

2023 டிசம்பர் 17, 18 தேதிகளை இந்தக் கூடத்தில் யாரும் மறந்திருக்க முடியாது. காயல்பட்டினத்தில் மட்டும் 24 மணி நேரத்தில் 95 சென்டிமீட்டர் மழை பதிவானது. நம் வீடுகளில் அரிசி, மெத்தை, பிரிட்ஜ் எல்லாம் போனது. அவற்றை மெல்ல மெல்ல மறுபடி வாங்கிவிட்டோம். அந்தச் சகோதரி வீட்டில் அலமாரியின் கீழ்த்தட்டில் இருந்த ஆல்பமும் நனைந்தது. பக்கங்கள் ஒன்றோடு ஒன்று ஒட்டிக்கொண்டன. பிரித்தால் முகம் உரிந்து வந்தது. அவருடைய வாப்பா மர்ஹூம் ஆகிப் பல வருடம். அவருக்கு இருந்த படங்கள் அவ்வளவுதான்.

ஆனால் அதற்கு முந்தைய ரமலானில், ஹாங்காங்கில் இருக்கும் தாய்மாமா கேட்டார் என்று, அவருடைய மகன் அந்த ஆல்பத்தை ஒவ்வொரு பக்கமாக டேப்பில் படம் எடுத்து வைத்திருந்தான். விளையாட்டாகச் செய்த காரியம். வெள்ளத்துக்குப் பிறகு அந்த அறுபது சொச்சம் படங்கள்தான் மிச்சம். வெள்ளத்தின்போது டேப் மாடியில் சார்ஜில் கிடந்தது, அல்ஹம்துலில்லாஹ்.

வெள்ளத்தில் பிழைத்த படங்கள் பிறகு எப்படிப் போயின என்று கேளுங்கள். அந்த டேப் 32 ஜிபி. அதில் ஆண்ட்ராய்டே ஒரு நல்ல பங்கை எடுத்துக்கொள்ளும், மீதிதான் நமக்கு. சில மாதங்களாக "ஸ்டோரேஜ் ஃபுல்" என்று வந்துகொண்டே இருந்திருக்கிறது. மத்ரஸா உஸ்தாத் வாட்ஸ்அப்பில் அனுப்பும் ஓதல் பதிவு இறங்கவில்லை. பள்ளிக்கூடத்தில் அனுப்பும் பாடமும் இறங்கவில்லை. ஒருநாள் மகன் தூங்கிய பிறகு உம்மா உட்கார்ந்து கேலரியைத் திறந்து, ஒரே மாதிரி இருக்கும் படங்களையெல்லாம் தேர்ந்தெடுத்து அழித்தார். அப்படியும் இடம் வரவில்லை. அழித்தவை குப்பைத்தொட்டியில் கிடந்து இடத்தைப் பிடித்துக்கொண்டே இருக்கும், அதனால் வரவில்லை. ஆகவே குப்பைத்தொட்டியையும் காலி செய்தார். அந்தப் படங்களும் அதோடு போய்விட்டன. போனது அவருக்குத் தெரிந்தது மூன்று வாரம் கழித்து.

நான் டேப்பை வாங்கி செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பக்கத்தைத் திறந்தேன். விளையாட்டுகள் மட்டும் 14 ஜிபி. பெரிது நான்கு. அதில் இரண்டை ஒரு வருடமாகத் திறக்கவே இல்லை. "இதெல்லாம் நீ ஆடுறியா?" என்று பையனிடம் கேட்டேன். "இல்ல காக்கா, அது பழசு" என்றான்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒரு படம் மூன்று எம்பி என்று வைத்தால் அறுபது படம் 180 எம்பி. ஒரு ஜிபி என்பது 1024 எம்பி. அந்த வீட்டின் மொத்த ஆல்பமும் ஒரு ஜிபியில் ஐந்தில் ஒரு பங்குகூட இல்லை. பக்கத்திலேயே யாரும் ஆடாத விளையாட்டு பல ஜிபியாக நிம்மதியாகப் படுத்திருந்தது.

அந்தச் சகோதரியைக் குறை சொல்ல நான் இதைச் சொல்லவில்லை. நாம் எல்லாரும் அதைத்தான் செய்கிறோம். படம் என்றால் நமக்குத் தெரியும், திறந்து பார்க்கலாம், அழிக்கலாம். அந்த விளையாட்டு என்ன, எங்கே இருக்கிறது, அழித்தால் டேப் கெட்டுப்போகுமா, பிள்ளை அழுவானா, ஒன்றும் தெரியாது. தெரியாததைத் தொட பயம். ஆகவே கைக்குத் தெரிந்ததை அழிக்கிறோம். நம் வீடுகளில் இப்படித்தான் வாப்பா துபாயிலிருந்தும் ரியாதிலிருந்தும் அனுப்பிய குரல் பதிவுகள் போகின்றன. பிள்ளை முதல் ஜுஸ்வை முடித்து ஓதிய வீடியோவும் அப்படித்தான் போகிறது.

நம் கரையில் முத்துக்குளிப்பு நடந்த காலத்தில் முத்தைத் தரம் பிரிக்கப் பித்தளைச் சல்லடைகள் இருந்தன. பெட்டி என்பார்கள். 20 துளை உள்ள பெட்டியில் தொடங்கி 1000 துளை உள்ளது வரை வரிசையாகப் பத்து. முதலில் அவற்றில் சலித்து அளவு பார்ப்பார்கள். அதற்குப் பிறகுதான் உருட்சி, ஒளி, நிறம் பார்த்து இது ஆணி, இது அதற்கு அடுத்தது என்று விலை சொல்வார்கள். சல்லடை அளவைச் சொல்லும். விலையைக் கண்தான் சொல்ல வேண்டும். 1961க்குப் பிறகு இங்கே பெரிய முத்துக்குளிப்பு நடக்கவில்லை, ஆனாலும் அந்த வேலைமுறை நம் பாட்டன்மார் கையில் இருந்தது. டேப்பிலும் அதே இரண்டு வேலைதான். முதலில் எது எவ்வளவு இடம் பிடிக்கிறது என்று சலித்துப் பாருங்கள். அதன்பிறகு எது வேண்டும், எது வேண்டாம் என்று உட்கார்ந்து முடிவு செய்யுங்கள். நாம் முதல் வேலையைச் செய்யாமலே இரண்டாவதுக்குப் போகிறோம்.

சலிப்பது எப்படி? செட்டிங்ஸ், அதற்குள் ஸ்டோரேஜ். தமிழில் வைத்திருப்பவர்களுக்கு அமைப்புகள், சேமிப்பகம். சாம்சங் டேப்பில் பேட்டரி, டிவைஸ் கேர் என்று இருக்கும் பகுதிக்குள் இருக்கும். இன்னும் சுலபமான வழி பிளே ஸ்டோர். மேலே வலது மூலையில் உங்கள் கணக்கின் வட்டத்தைத் தொட்டால் 'மேனேஜ் ஆப்ஸ் அண்ட் டிவைஸ்' என்று வரும். அதில் 'மேனேஜ்' பகுதியில் எல்லா ஆப்களும் வரிசையாக இருக்கும். அந்த வரிசையை அளவுப்படி மாற்றலாம், குறைவாகப் பயன்படுத்தியவை முதலில் வரும்படியும் மாற்றலாம். பெரிதாகவும் இருந்து பயன்படுத்தாமலும் இருக்கும் ஆப்தான் நாம் தேடுவது. பெட்டியில் டிக் போட்டு ஒரே தடவையில் நாலைந்தை நீக்கலாம்.

இங்கே பலர் ஏமாறும் இடம் ஒன்று உண்டு. முகப்பில் இருக்கும் ஐகானை அழுத்திப் பிடித்து மேலே இழுத்து 'ரிமூவ்' என்பதில் போட்டால் ஐகான் போய்விடும், விளையாட்டு போகாது. உள்ளேயே இருக்கும். 'அன்இன்ஸ்டால்', தமிழில் 'நிறுவல் நீக்கு' என்று வர வேண்டும். ஒரு பாட்டிம்மா பேரனின் விளையாட்டுகளையெல்லாம் 'அழித்துவிட்டதாக' மூன்று மாதம் நம்பிக்கொண்டிருந்தார். பேரனும் அந்த நம்பிக்கையைக் கெடுக்கவில்லை.

டேப்போடு வந்த சில விளையாட்டுகளை முழுதாக நீக்க முடியாது, 'டிசேபிள்' மட்டும்தான் வரும். அதைச் செய்யுங்கள், அப்டேட் வந்து வளர்வதாவது நிற்கும். 'கிளியர் கேஷ்' என்பதை அழுத்தினால் தற்காலிகக் கோப்புகள் மட்டும் போகும், பயம் இல்லை. அதன் பக்கத்திலேயே 'கிளியர் ஸ்டோரேஜ்' அல்லது 'கிளியர் டேட்டா' இருக்கும். அது உள்ளே இருப்பதையெல்லாம் துடைத்துவிடும். இரண்டையும் ஒன்று என்று நினைக்காதீர்கள்.

விளையாட்டை நீக்கிய பிறகும் இடம் வரவில்லை என்றால் மூன்று இடங்களில் பாருங்கள். முதலாவது, பிள்ளைகள் தாங்கள் ஆடுவதையே வீடியோவாக ஸ்கிரீன் ரெக்கார்டிங் செய்து வைத்திருப்பார்கள். விளையாட்டு போனாலும் அந்த வீடியோ போகாது, ஒவ்வொன்றும் பெரிய கனம். இரண்டாவது, டவுன்லோட்ஸ் கோப்புறையில் ஏபிகே என்று முடியும் கோப்புகள். 2020 செப்டம்பரில் மத்திய அரசு 118 ஆப்களைத் தடை செய்தபோது பப்ஜியும் போனது. 2022 பிப்ரவரியில் ஃப்ரீ ஃபயர் போனது. தடை வந்ததும் பிளே ஸ்டோரில் இல்லை, அதனால் நம் பையன்கள் அண்ணன்மார் அனுப்பிய ஏபிகேயை வெளியிலிருந்து வாங்கிப் போட்டார்கள். இன்றும் புதுப்புது விளையாட்டுக்கு அப்படி நடக்கிறது. அந்தக் கோப்புக்குள் விளையாட்டோடு வேறு என்ன சேர்த்துக் கட்டியிருக்கிறது என்பது அனுப்பியவனுக்கே தெரியாது. விளையாட்டை நீக்குங்கள், அந்தக் கோப்பையும் நீக்குங்கள். செட்டிங்ஸில் 'இன்ஸ்டால் அன்னோன் ஆப்ஸ்' என்று தேடி, வாட்ஸ்அப்புக்கும் பிரவுசருக்கும் அந்த அனுமதி திறந்திருந்தால் மூடிவிடுங்கள்.

மூன்றாவது இடம் பிள்ளைகளுடையது அல்ல, நம்முடையது. வாட்ஸ்அப்பில் செட்டிங்ஸ், 'ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா', 'மேனேஜ் ஸ்டோரேஜ்'. வெள்ளிக்கிழமை தோறும் இருபது குழுவில் இருந்து வந்த ஜும்ஆ முபாரக் படங்கள், அதே வீடியோ ஏழு பேரிடமிருந்து ஏழு தடவை, எல்லாம் அங்கே அடுக்கியிருக்கும். பிள்ளையின் விளையாட்டை நீக்கச் சொல்லும் முன் அதைத் திறந்து பார்த்துவிடுவது நல்லது. அவன் பார்த்தால் கேட்பான்.

இனி, அந்தச் சகோதரியின் மகன் என்ன சொன்னான் என்பதைச் சொல்கிறேன். நான்கு விளையாட்டையும் நீக்கட்டுமா என்றேன். உம்மா "நீக்கிடுங்க தம்பி, எல்லாத்தையும் நீக்கிடுங்க" என்றார். கோபம், அழுகை, எல்லாம் அதில் இருந்தது. பையன் ஒன்றும் சொல்லாமல் டேப்பையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு மெதுவாக, "உம்மா, அந்த ஒண்ண மட்டும் விட்ருங்கம்மா. அது கெஸ்ட்ல இருக்கு, போனா வராது" என்றான்.

எனக்குப் புரிந்தது, உம்மாவுக்குப் புரியவில்லை. விளையாட்டை கூகுள் கணக்கோடு இணைத்திருந்தால் நீக்கிவிட்டு எப்போது மறுபடி போட்டாலும் விட்ட இடத்திலிருந்து வரும். 'கெஸ்ட்' என்று கணக்கு இல்லாமல் ஆடியிருந்தால் நீக்கிய அந்தக் கணத்தில் ஒரு வருட உழைப்பும் போய்விடும். உழைப்பா அது என்று நாம் சிரிக்கலாம். அவனுக்கு அப்படித்தான். உம்மாவுக்கு ஆல்பம் போனதுபோல் அவனுக்கும் ஒன்று போகப்போகிறது என்று அவன் பயந்தான். அவன் பயத்தை நான் உம்மாவிடம் அப்படியே சொன்னேன். கணக்கோடு இணைத்துக் கொடுத்தேன். ஐந்து நிமிட வேலை. இணைத்த பிறகு அவனே சொன்னான், "இப்ப வேணும்னா எடுத்துருங்க காக்கா."

ஆகவே பிள்ளை தூங்கும்போது இந்த வேலையைச் செய்யாதீர்கள். பக்கத்தில் உட்கார வையுங்கள். எது வேண்டாம் என்று அவனையே சொல்லச் சொல்லுங்கள். நான் பார்த்தவரை, பத்து விளையாட்டு இருந்தால் ஏழை அவர்களே நீக்கச் சொல்லிவிடுவார்கள், அலுத்துப்போனவைதான் பெரும்பாலும். மீதி மூன்றுக்குத்தான் பேச்சுவார்த்தை. இரகசியமாக நீக்கினால் மறுநாள் பள்ளிக்கூடம் விட்டு வந்து ஓசை இல்லாமல் மறுபடி இறக்கிக்கொள்வான். இடமும் போகும், உங்களுக்கும் அவனுக்கும் இருந்த பேச்சும் போகும்.

முழுதாக நீக்க மனமில்லை என்றால் ஆண்ட்ராய்டில் 'ஆர்கைவ்' என்று ஒரு வழி உண்டு. ஆப்பின் பெரும்பகுதி போய்விடும், ஐகானும் அதன் தகவலும் இருக்கும். வேண்டும்போது தொட்டால் மறுபடி இறங்கும். ஐபேடில் இதையே 'ஆஃப்லோட்' என்பார்கள். பரீட்சை முடியும்வரை இப்படி மடித்து வைப்பதை எந்தப் பிள்ளையும் பெரிதாக எதிர்க்காது.

பணம் சம்பந்தப்பட்ட விளையாட்டு என்றால் பேச்சுவார்த்தை கிடையாது. ரம்மி போன்று காசு கட்டி ஆடுவதைத் தமிழ்நாடு 2022இல் சட்டம் இயற்றித் தடுக்கப் பார்த்தது, 2023 ஏப்ரலில் ஆளுநர் ஒப்புதல் கிடைத்தது, அதற்குப் பிறகும் நீதிமன்றத்தில் வழக்குகள் நடந்தன. 2025 ஆகஸ்ட்டில் நாடாளுமன்றமே காசு விளையாட்டுகளைத் தடுக்கும் சட்டத்தை நிறைவேற்றியது. நமக்கு அதற்கெல்லாம் காத்திருக்க வேண்டியதில்லை. அல்மாயிதா சூராவில் மதுவோடு சேர்த்தே சூதாட்டம் விலக்கப்பட்டிருக்கிறது. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். சாதாரணச் சண்டை விளையாட்டு, பந்து விளையாட்டுக்குள்ளும் காசு கொடுத்து ஒரு மூடிய பெட்டி வாங்கும் ஏற்பாடு இருக்கும். உள்ளே என்ன வரும் என்று தெரியாது, நல்லது வராவிட்டால் மறுபடி வாங்கத் தோன்றும். 2018இல் பெல்ஜியம் நாட்டின் சூதாட்ட ஆணையம், இது எங்கள் சட்டப்படி சூதாட்டமே என்று சொல்லிவிட்டது. அங்கே அவர்கள் மார்க்கத்தைப் பார்த்துச் சொல்லவில்லை, காசும் அதிர்ஷ்டமும் சேர்வதைப் பார்த்துச் சொன்னார்கள். உங்கள் பிள்ளையின் விளையாட்டில் அந்தப் பெட்டி இருக்கிறதா என்று அவனிடமே கேளுங்கள். என்னைவிட அவனுக்கு நன்றாகத் தெரியும்.

விளையாட்டை நீக்கினால் மாதச் சந்தா தானாக நின்றுவிடும் என்று நினைக்க வேண்டாம். நிற்காது. பிளே ஸ்டோரில் அதே வட்டத்தைத் தொட்டு 'பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்' போய் அங்கே தனியாக நிறுத்த வேண்டும். விளையாட்டை நீக்கும் முன் அதை ஒருமுறை பார்த்துவிடுங்கள். பிளே ஸ்டோர் செட்டிங்ஸில், எதை வாங்கினாலும் ஒவ்வொரு தடவையும் பாஸ்வேர்டு கேட்கும்படி வைக்கலாம். அந்த பாஸ்வேர்டு பிள்ளையின் பிறந்த தேதியாக இருக்கக்கூடாது. சிரிக்கிறீர்கள், பாதிப் பேருக்கு அதுதான்.

இனி, எதையும் நீக்கும் முன் எடுத்து வைக்க வேண்டியவை. ஆல்பம், வீட்டுப் பெரியவர்கள் ஓதியது, வெளிநாட்டில் இருப்பவரின் குரல், நிலப்பத்திரத்தின் படம், பாஸ்போர்ட் படம். இவற்றை வாட்ஸ்அப் உரையாடலுக்குள்ளேயே விட்டு வைக்காதீர்கள். ஒரு மெமரி கார்டிலோ பென் டிரைவிலோ போட்டு, முடிந்தால் இன்னொரு ஊரில் இருக்கும் சொந்தக்காரரிடம் ஒரு பிரதி இருக்கட்டும். வெள்ளம் பார்த்த ஊர் நாம். கூகுள் கணக்கில் 15 ஜிபி இலவசம். மெயில், டிரைவ், போட்டோஸ் மூன்றுக்கும் சேர்த்து அவ்வளவுதான், ஆனாலும் ஓர் ஆல்பத்துக்கு அது தாராளம். கூகுள் போட்டோஸில் பேக்கப் ஆகியிருந்த படத்தை அழித்தால் குப்பைத்தொட்டியில் 60 நாள் இருக்கும், ஆகாததை அழித்தால் 30 நாள். அந்த நாட்களுக்குள் எடுத்துவிடலாம். குப்பைத்தொட்டியைக் காலி செய்துவிட்டால் நான் ஒன்றும் செய்ய முடியாது. அந்தச் சகோதரியிடமும் அதையே சொல்ல வேண்டியதாயிற்று.

அவருக்கு எல்லாமே போய்விடவில்லை. ஹாங்காங் மாமாவுக்கு அன்று வாட்ஸ்அப்பில் அனுப்பியவை என்ன ஆனது என்று அங்கிருந்தே போன் போட்டோம். அவர் போன் மாற்றியிருந்தார், பழையதில் தேடினார். பதினொரு படங்கள் கிடைத்தன. வாட்ஸ்அப்பில் போனதால் கொஞ்சம் மங்கல். வாப்பா பீச்சாங்கரையில் தொப்பி போட்டு நிற்கும் ஒன்று மட்டும் தெளிவாக இருந்தது. அதைப் பென் டிரைவில் போட்டுக் கொடுத்தேன், இன்னொரு பிரதி நம் அலுவலகக் கம்ப்யூட்டரிலும் இருக்கிறது, அவர் அனுமதியோடுதான்.

அடுத்த சனிக்கிழமை அஸருக்குப் பிறகு மக்ரிப் பாங்கு வரை அலுவலகத்தில் இருப்போம். டேப் அல்லது போன், அதன் சார்ஜர், ஒரு பென் டிரைவ் கொண்டு வாருங்கள். பென் டிரைவ் இல்லாதவர்களுக்கு அறக்கட்டளை நாலைந்து வாங்கி வைத்திருக்கிறது, நகல் எடுத்துவிட்டுத் திருப்பித் தரலாம். பிள்ளையையும் கூட்டி வாருங்கள், அவன் இல்லாமல் எதையும் நீக்க மாட்டோம். வரும்வரை வீட்டில் யாரும் கேலரியில் எதையும் அழிக்க வேண்டாம்.